மெடிட்டரேனியன் டயட் எந்த ஊர்ச் சாப்பாடு? உங்கள் கேள்விக்கு விளக்கம்

வணக்கம். இன்றைக்கு முதலில் ஒரு தங்கை கேட்ட கேள்வி. "அக்கா, மெடிட்டரேனியன் டயட் சாப்பிடச் சொல்லி டாக்டர் எழுதிக் கொடுத்திருக்கிறார். இது எந்த நாட்டுச் சாப்பாடு, இத்தாலியா கிரீஸா? துருக்கி, லெபனான் எல்லாம் சேருமா? கடலோரச் சாப்பாடு என்றால் தினமும் மீன் சாப்பிட வேண்டுமா?"

நல்ல கேள்வி, ஏனென்றால் அந்தப் பெயரே ஆளைக் குழப்பும். மத்தியத் தரைக்கடலைச் சுற்றி இருபதுக்கும் மேற்பட்ட நாடுகள் இருக்கின்றன, அத்தனை நாட்டுக்கும் பொதுவான ஒரே சாப்பாடு என்று எந்தக் காலத்திலும் இருந்ததில்லை. டாக்டர்கள் சொல்கிற அந்த உணவுமுறை குறிப்பாக எங்கிருந்து வந்தது என்றால், 1950, 60களில் இருந்த, கிரீஸ் நாட்டைச் சேர்ந்த கிரீட் தீவிலிருந்தும் இத்தாலியின் தெற்குப் பகுதியிலிருந்தும். இடம் மட்டுமில்லை, காலமும் முக்கியம், அதைக் கடைசி வரைக்கும் நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

அன்ஸெல் கீஸ் என்று ஒரு அமெரிக்க ஆராய்ச்சியாளர். அவரும், உயிர்வேதியியல் படித்த அவர் மனைவி மார்கரெட்டும் 1950களின் தொடக்கத்தில் தெற்கு இத்தாலியில் இருக்கும் நேப்பிள்ஸ் நகரத்துக்குப் போய், அங்கே சாதாரண உழைப்பாளிகளுக்கு மாரடைப்பு ஏன் இவ்வளவு குறைவு என்று பார்க்க ஆரம்பித்தார்கள். அப்புறம் 1958இல் ஏழு நாடுகளை ஒப்பிடும் பெரிய ஆய்வு தொடங்கியது: அமெரிக்கா, பின்லாந்து, நெதர்லாந்து, இத்தாலி, யூகோஸ்லாவியா, கிரீஸ், ஜப்பான். இதய நோய்ச் சாவு கிழக்கு பின்லாந்தில் மிக அதிகம், கிரீட்டில் மிகக் குறைவு. இத்தனைக்கும் கிரீட்காரர்கள் கொழுப்பைக் குறைத்துச் சாப்பிட்டவர்கள் இல்லை, அவர்களுக்குக் கிடைத்த கலோரியில் சுமார் 40 சதவீதம் கொழுப்பிலிருந்தே வந்தது, ஆனால் அதில் பெரும்பகுதி ஆலிவ் எண்ணெய்.

அவர்கள் தட்டில் என்ன இருந்தது? காய்ந்த பார்லி ரொட்டி, மலையில் தானாக முளைக்கிற கீரைகள், பயறு, கொண்டைக்கடலை, பழம், ஆலிவ் எண்ணெய். இறைச்சி எப்போதாவது. இது ஆரோக்கியத்துக்காக யோசித்துத் தேர்ந்தெடுத்த சாப்பாடு இல்லை, தங்கை. இரண்டாம் உலகப் போர் முடிந்து மூன்று வருடம் கழித்து, 1948இல் ராக்ஃபெல்லர் அறக்கட்டளை சார்பில் கிரீட்டில் வீடு வீடாகக் கணக்கெடுத்தபோது, உங்களுக்குப் பிடித்த உணவு எது என்று கேட்டால் பெரும்பாலான குடும்பங்கள் சொன்னது இறைச்சியைத்தான். வறுமையை மறைத்துவிட்டு இந்தச் சாப்பாட்டைப் புகழ்வது எனக்குச் சரியாகப் படவில்லை.

வறுமையோடு மதமும் சேர்ந்துகொள்கிறது. கிரேக்க ஆர்த்தடாக்ஸ் திருச்சபையின் நோன்பு நாட்களை எல்லாம் கூட்டினால் வருடத்தில் பாதி நாள் வந்துவிடும், அந்த நாட்களில் இறைச்சி, பால், முட்டை கிடையாது, பெரும்பாலான நோன்பு நாட்களில் மீனும் கிடையாது. கீஸ் குழுவினர் கிரீட்டில் எடுத்த உணவுக் கணக்கெடுப்புகளில் ஒன்று ஈஸ்டருக்கு முந்தைய நோன்பான லெந்து காலத்தில்தான் நடந்தது.

இதே ஆலிவ் எண்ணெய் ஸ்பெயினில் மனிதர்களைப் பிரிக்கும் கோடாகவே இருந்திருக்கிறது. பதினைந்தாம் நூற்றாண்டின் கடைசியில் யூதர்களையும் முஸ்லிம்களையும் கட்டாயமாக மதம் மாற்றிய காலத்தில், மாறியவர்கள் உண்மையிலேயே மாறினார்களா என்று அவர்கள் சமையலை வைத்து வேவு பார்த்தார்கள். பன்றிக் கொழுப்பில் சமைத்தால் கிறிஸ்தவர், இறைச்சியை எண்ணெயில் சமைக்கும் வாசனை வந்தால் சந்தேகம், விசாரணை. இன்றைக்கு உலகத்திலேயே அதிக ஆலிவ் எண்ணெய் எடுக்கும் நாடு ஸ்பெயின். உணவைப் பற்றிப் படிக்கும்போது என்னை மிகவும் உலுக்கிய விஷயம் இதுதான்.

சரி, மீனுக்கு வருகிறேன். மற்ற கடல்களோடு ஒப்பிட்டால் மத்தியத் தரைக்கடலில் ஊட்டச்சத்து குறைவு, அதனால் மீன் வளமும் அவ்வளவு இல்லை. மலைக் கிராமத்துக் குடியானவருக்கு நல்ல மீன் விலை கட்டுப்படியாகாது. ஸ்பெயின், இத்தாலி, கிரீஸ் எல்லா இடத்திலும் விசேஷ நாட்களில் சாப்பிடும் காட் மீன், நம்ம ஊர்க் கருவாடு மாதிரி உப்புப் போட்டுக் காயவைத்தது, அது பிடிபடுவதே வட அட்லாண்டிக்கில். ஆகவே தினமும் மீன் என்ற கட்டாயம் இந்த உணவுமுறையில் கிடையாது.

யுனெஸ்கோ 2010இல் இதைப் பண்பாட்டு மரபாக அறிவித்தபோது பட்டியலில் இருந்தவை ஸ்பெயின், இத்தாலி, கிரீஸ், மொராக்கோ. 2013இல் சைப்ரஸ், குரோவேஷியா, போர்ச்சுகல் சேர்ந்தன. இந்தப் போர்ச்சுகலுக்கு மத்தியத் தரைக்கடல் கரையே கிடையாது, முழுக்க அட்லாண்டிக். ஒவ்வொரு நாடும் இந்த உணவுமுறைக்கு எடுத்துக்காட்டாக ஒரு பகுதியைக் காட்டியது, ஸ்பெயின் சார்பாகக் காட்டிய ஊர் சோரியா, கடலை விட்டு வெகு தூரம் உள்ளே, 1,000 மீட்டருக்கு மேல் உயரத்தில் இருக்கும் பீடபூமி. மொராக்கோவுக்கு ரிஃப் மலையில் இருக்கும் ஷெஃப்ஷாவன், சைப்ரஸுக்கு ட்ரூடோஸ் மலையில் இருக்கும் அக்ரோஸ். பெயரில் கடல், இந்த மூன்று ஊரும் மேட்டில்!

அப்படியானால் எல்லையை எங்கே போடுவது? ஆலிவ் மரத்தை வைத்துப் போடுவதுதான் எனக்குப் பொருத்தமாகத் தெரிகிறது. கடும் உறைபனியை அந்த மரம் தாங்காது. இத்தாலியிலேயே வடக்கே போ ஆற்றுச் சமவெளிக்குப் போனால் வெண்ணெயும் அரிசியும் மக்காச்சோளக் களியும், தெற்கே வந்தால் எண்ணெயும் கோதுமையும். இத்தாலியச் சாப்பாடு என்று மொத்தமாகச் சொன்னால் இந்த வித்தியாசம் அடிபட்டுப் போகும். தக்காளியும் பதினாறாம் நூற்றாண்டில் அமெரிக்கக் கண்டத்திலிருந்து வந்து சேர்ந்ததுதான், அதனால் தக்காளிச் சாறு ஊற்றிய பாஸ்தாவை ஆதிகாலத்துச் சாப்பாடு என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள்.

துருக்கி, லெபனான் பற்றிக் கேட்டீர்கள். யுனெஸ்கோ பட்டியலில் அவை இல்லை, ஆனால் அது விண்ணப்பித்த நாடுகளின் பட்டியல், அதை வைத்துச் சாப்பாட்டை அளக்க வேண்டாம். லெபனானில் கொண்டைக்கடலையை அரைத்துச் செய்யும் ஹம்முஸ், பருப்பு, கீரை, ஆலிவ் எண்ணெய், எல்லாம் இதே குடும்பம்தான், பன்றி இறைச்சியும் மதுவும் மட்டும் மதத்தைப் பொறுத்து வீட்டுக்கு வீடு மாறும். துருக்கியில் ஏஜியன் கரைப் பக்கம் காய்கறியை ஆலிவ் எண்ணெயில் வேகவைத்து ஆறவிட்டுச் சாப்பிடுகிறார்கள், அது தாராளமாகச் சேரும். அதே நாட்டில் கிழக்கே போனால் வெண்ணெயும் ஆட்டுக் கொழுப்பும் வந்துவிடும், அது வேறு சாப்பாடு.