இரண்டு ஸ்பீக்கரில் ஏழு திசை: கேமிங் ஹெட்செட்டில் 7.1 என்பது என்ன?

(திரையில்: வாளையார் நெடுஞ்சாலை, லாரிகள்)

வணக்கம். வாளையார் சாலையோரம் வடக்கே பார்த்து நின்று கண்ணை மூடிக்கொள்ளுங்கள். கோயமுத்தூர்ப் பக்கமிருந்து வரும் லாரி வலதில், பாலக்காட்டுப் பக்கமிருந்து வருவது இடதில். பார்க்காமலே சொல்லிவிடுவீர்கள். அதற்கு இரண்டு காது போதுகிறது. அப்படியென்றால் ஹெட்செட் பெட்டியில் பெரிதாக 7.1 என்று போட்டிருக்கிறார்களே, அது என்ன?

(திரையில்: பிரித்த ஹெட்செட்)

அறையைச் சுற்றி ஏழு ஸ்பீக்கர், கூட அடித்தொனிக்கு ஒரு சப்வூஃபர். 7.1 என்ற கணக்கு அங்கிருந்து வந்தது. ஹெட்செட்டில் பெரும்பாலும் காதுக்கு ஒரு டிரைவர், அதாவது ஒரு குட்டி ஸ்பீக்கர்தான் இருக்கும். காதுக்கு நான்கைந்து டிரைவர் வைத்தவையும் வந்தன. கழுத்து வலித்ததுதான் மிச்சம். மீதி எல்லாம் மென்பொருள் போடும் கணக்கு.

(திரையில்: மேலிருந்து ஒரு தலை, பக்கவாட்டில் ஒலி அலை)

வலப்பக்கச் சத்தம் வலது காதை முதலில் தொடும். இடது காதுக்குப் போய்ச் சேர அதிகபட்சம் 0.7 மில்லிவிநாடி கூட ஆகலாம், அவ்வளவுதான். மூளைக்கு அது போதும். கீச்சென்ற சத்தமாக இருந்தால் தலையே அதை மறைத்துவிடும். தூரக் காதில் ஒலி குறைந்துதான் விழும். இந்த இரண்டையும் சேர்த்து 1907இல் விளக்கியவர் இயற்பியலாளர் ரேலி பிரபு.

சிக்கல் எங்கே வருகிறது என்றால், நேர் முன்னால் வரும் சத்தமும் நேர் பின்னால் வருவதும் இரண்டு காதுக்கும் ஒரே நேரத்தில்தான் சேர்கின்றன. அங்கே உதவுவது காது மடல். அதன் மடிப்புகளில் பட்டுத் திரும்பும்போது ஒலியின் தன்மையே கொஞ்சம் மாறுகிறது. மேலே, கீழே, முன்னே, பின்னே என்று மூளை பிரிப்பது அதை வைத்துத்தான். தலையும் மடலும் ஒலியை எப்படி மாற்றுகின்றன என்று அளந்து வைத்த கணக்குக்குப் பெயர் எச்.ஆர்.டி.எஃப். கேமில் எதிரி பின்னால் ஓடினால், அந்தக் கணக்கைப் போட்டுத்தான் காலடிச் சத்தம் உங்கள் காதுக்கு வரும்.

ஆனால் அளந்தது வேறு யாரோ ஒருவரின் காதை, அல்லது ஒரு பொம்மைத் தலையை. உங்கள் மடல் வேறு மாதிரி இருந்தால் பின்னால் வருபவன் முன்னால் வருவதுபோலக் கேட்கும். சந்தேகம் வந்தால் மவுஸைச் சற்றுத் திருப்புங்கள். சத்தம் எந்தக் காதுக்கு நகர்கிறது என்பதிலேயே விடை இருக்கிறது. நிஜத்தில் தலையைத் திருப்பி நாம் செய்வதும் இதுதான்.

(திரையில்: கேமின் ஆடியோ செட்டிங்ஸ்)

இப்போது முக்கியமான இடம். இந்தக் கணக்கை ஒரே ஒரு தடவைதான் போட வேண்டும். வாலரன்ட் கேம் 2021இல் இருந்தே எச்.ஆர்.டி.எஃப். வசதியோடு வருகிறது. கவுன்டர் ஸ்ட்ரைக்கிலும் உண்டு. அதை ஆன் செய்துவிட்டு ஹெட்செட் மென்பொருளில் 7.1, விண்டோஸில் இதே திசைக் கணக்கைப் போடும் வேறொரு ஸ்பேஷியல் ஆடியோ என்று எல்லாவற்றையும் அமுக்கினால், கிணற்றுக்குள் விளையாடுவதுபோல இருக்கும். கேமுக்குள்ளேயே வசதி இருந்தால் மற்றதை அணைத்துவிடுங்கள். கேமில் இல்லையா? விண்டோஸிலேயே வரும் விண்டோஸ் சோனிக் என்ற ஸ்பேஷியல் ஆடியோ இலவசம், போட்டுப் பாருங்கள். பிளேஸ்டேஷன் 5 வைத்திருப்பவர்களுக்குக் கவலையே இல்லை. அதிலேயே உள்ள டெம்பஸ்ட் 3டி ஆடியோ சாதாரண ஸ்டீரியோ ஹெட்போனிலேயே வேலை செய்யும்.

ஆகவே என் பேச்சைக் கேட்டால், 7.1 ஸ்டிக்கருக்காகக் கூடுதல் காசு கொடுக்காதீர்கள். அந்தக் காசு நல்ல டிரைவருக்கும் மைக்குக்கும் போகட்டும். சத்தம் தாமதமாக வரும் என்பதால் சாதாரண ப்ளூடூத் வேண்டாம்; ஒயர் உள்ளதை, இல்லையென்றால் யுஎஸ்பியில் செருகும் 2.4 கிகாஹெர்ட்ஸ் டாங்கிளோடு வருவதை வாங்குங்கள்.

(திரையில்: தென்னந்தோப்பில் காற்று)

கொழிஞ்சாம்பாறை, சித்தூர் பக்கம் இருப்பவர்களுக்குத் தனியாக ஒரு வார்த்தை. ஆடிக் காற்று பாலக்காட்டுக் கணவாய் வழியாக அடிக்கும்போது ஜன்னல் சத்தத்தில் காலடி எங்கே கேட்கும்? காதை முழுக்க மூடும் மாடல் வாங்குங்கள். ஆனால் பங்குனி, சித்திரையில் வெயில் 40 டிகிரியைத் தொடும். செயற்கைத் தோல் மெத்தை என்றால் ஒரு மேட்ச் முடிவதற்குள் காது நனைந்துவிடும். துணி மெத்தை உள்ளதாக, கழற்றித் துவைக்க வருவதாகக் கேட்டு வாங்குங்கள்.