எமீலி மாயர்: எட்டு சிம்பொனிகளின் சொந்தக்காரர்

நேயர்களுக்கு வணக்கம். இன்றைக்கு ஒரே ஒரு பெயரை உங்கள் காதில் போட்டுவிட்டுப் போக வந்திருக்கிறேன். எமீலி மாயர். ஜெர்மனி இசையமைப்பாளர். முழு வாத்தியக் குழுவும் சேர்ந்து வாசிக்கும் நீண்ட இசைப் படைப்பான சிம்பொனி, அதில் எட்டு எழுதியவர். ஆமாம், எட்டு.

1812ஆம் ஆண்டு மே 14, வடக்கு ஜெர்மனியில் ஃப்ரீட்லாண்ட் என்ற சிற்றூரில் பிறந்தார். அப்பா மருந்துக்கடைக்காரர். குழந்தைக்கு இரண்டு வயதாகும்போது அம்மா இறந்துவிட்டார். ஐந்து வயதில் பியானோ கற்கத் தொடங்கினார். வளர்ந்தபின் அப்பாவுக்கு வீட்டைப் பார்த்துக்கொண்டு, கல்யாணம் செய்துகொள்ளாமலே இருந்துவிட்டார். 1840 ஆகஸ்ட் 28 அன்று அப்பா துப்பாக்கியால் சுட்டுக்கொண்டு இறந்தார். இருபத்தாறு வருடத்துக்கு முன்னால் மனைவியை அடக்கம் செய்த அதே தேதி. எமீலிக்கு அப்போது இருபத்தெட்டு வயது.

அந்த வயதில், அந்தக் காலத்துப் பெண் என்ன செய்வார்? உறவினர் வீட்டில் ஒரு மூலையில் ஒதுங்குவார். இவர் ஸ்டெட்டின் நகரத்துக்குப் போய், பாடல்களுக்குப் பேர்போன கார்ல் லோவேயிடம் மாணவியாகச் சேர்ந்தார். உனக்கு ஒன்றும் தெரியாது, எல்லாமும் தெரியும் என்ற பொருளில் லோவே சொன்னாராம். சரியான வாத்தியார்தான் அப்படிச் சொல்வார்.

1847இல் பெர்லினுக்கு வந்தார். அங்கே வீப்ரெக்டிடம் வாத்தியக் குழுவுக்கு எழுதும் கலையைக் கற்றார். இராணுவ பேண்டு இசையைச் சீர்செய்தவர் இந்த வீப்ரெக்ட். டியூபா இருக்கிறதே, அந்தப் பெரிய பித்தளை வாத்தியம், அதற்குக் காப்புரிமை வாங்கிய இருவரில் ஒருவர். 1850 ஏப்ரல் 21 அன்று அரச நாடக அரங்கில், அவர் நடத்த, மாலை முழுக்க எமீலியின் படைப்புகளே ஒலித்தன. பிரஷ்ய அரசியிடமிருந்து தங்கப்பதக்கமும் கிடைத்தது.

எனக்கு மிகப் பிடித்த விஷயத்துக்கு வருகிறேன். எமீலி ரொட்டியைப் பிசைந்து சிற்பம் செய்வார்! வீட்டில் மாவு பிசையும்போது குழந்தைகள் ஒரு உருண்டை கேட்டு வாங்கிக் குருவி செய்வார்கள் இல்லையா, அதே மாதிரிதான். ஆனால் இவர் கையில் அது நுணுக்கமான பாத்திரமாக வந்தது. சில அரச குடும்பத்துச் சேகரிப்புக்கே போயின. அவருடைய சிம்பொனியைக் கேட்கும்போதெல்லாம் அந்தக் கைகள்தான் என் கண்முன் நிற்கும். சின்ன மெட்டு ஒன்றை எடுத்து, அழுத்தி, இழுத்து, திருப்பி... மாவுதான், மாவேதான்!

இவரைப் "பெண் பீத்தோவன்" என்பார்கள். எனக்கு அது பிடிக்காது. எமீலி மாயர் என்று சொன்னாலே போதும்.

கண்ணாடிக்கு அந்தப்பக்கம் கை காட்டிவிட்டார்கள், நேரம் நெருங்கிவிட்டது. வயலின் சொனாட்டாக்களைப் பற்றி நிறையச் சொல்ல நினைத்திருந்தேன், அதை விட்டுவிடுகிறேன். 1880இல், அறுபத்தெட்டு வயதில், ஜெர்மானியக் கவிஞர் கதேயின் 'ஃபாஸ்ட்' நாடகத்தை வைத்து எழுதிய முன்னிசையை மட்டும் தேடிக் கேளுங்கள். முடிவை நெருங்கும்போது இசைத்தாளில் "அவள் மீட்கப்பட்டாள்" என்று எழுதியிருக்கிறார். அவள் என்பது நாடகத்தின் நாயகி கிரெட்சன். சோகச் சாயல் கொண்ட பி மைனர் சுருதியில் தொடங்கிய இசை, வெளிச்சமான பி மேஜரில் போய் முடிகிறது. வணக்கம்.