அடுத்தது என்ன என்று கேட்ட இயக்குநர்

நடுவர் அவர்களே, எதிரணி நண்பர்களே, அவையோரே, வணக்கம்.

‘திரைப்படத்துக்கு உயிர் தருபவர் எழுதுபவரா, இயக்குபவரா’ என்பது தலைப்பு. எனக்கு முன் பேசிய நண்பர் ஐசன்ஸ்டைன், தார்க்கோவ்ஸ்கி என்று சோவியத் இயக்குநர்களை அடுக்கிவிட்டு, எழுத்தாளர் ஒருவரையாவது சொல்லுங்கள் என்று சவால் விட்டார். சொல்கிறேன்: கென்னதி ஷ்பாலிகோவ்.

1937இல் பிறந்தவர். ராணுவப் பொறியாளரான தந்தையைப் போரில் பறிகொடுத்தவர். மாஸ்கோ திரைப்படக் கல்லூரியில் திரைக்கதை படித்துக்கொண்டிருந்தபோதே, இயக்குநர் மார்லென் ஹுத்ஸியெவ் தம் ‘இலியிச் வாயில்’ படத்துக்கு எழுத அழைத்துக்கொண்டார். அதில் ஒரு காட்சி. போரில் இறந்த தந்தை மகன் முன் தோன்றுகிறார். எப்படி வாழ்வது என்று மகன் கேட்கிறான். உன் வயது என்ன என்கிறார் தந்தை. 23 என்கிறான். எனக்கு 21தான், நான் உனக்கு என்ன சொல்ல முடியும் என்று கேட்டுவிட்டுப் போய்விடுகிறார்.

1963 மார்ச்சில் சோவியத் தலைவர் குருசேவ் இந்தக் காட்சியின் மேல்தான் பாய்ந்தார். விலங்குகூடத் தன் குட்டியைக் கைவிடுவதில்லையே என்று கொதித்தார். ஒரு வல்லரசின் தலைவரைச் சுட்டது கேமரா கோணமா, ஒளியமைப்பா? வசனம், ஐயா, வசனம்! படம் வெட்டப்பட்டு, ‘எனக்கு இருபது வயது’ என்று பெயர் மாறி, 1965இல்தான் திரைக்கு வந்தது.

அந்தத் திரைக்கதையில் ஹுத்ஸியெவுக்கும் பங்குண்டே என்று நண்பர் முணுமுணுப்பது கேட்கிறது. உண்மைதான். பேனா பிடித்த நேரத்துக்கு அவரும் எங்கள் அணி!

அடுத்த சாட்சி உங்கள் அணிக்காரர், இயக்குநர் கியோர்கி தனேலியா. ஷ்பாலிகோவ் தம்மிடம் வந்து சொன்னதை அவரே நினைவுக்குறிப்பில் எழுதியிருக்கிறார். மழை. செருப்பைக் கையில் பிடித்தபடி வெறுங்காலுடன் நடக்கும் ஒரு பெண். சைக்கிளில் பின்தொடரும் ஓர் இளைஞன், அவளுக்குக் குடை பிடிக்கிறான். அவள் விலகுகிறாள், அவன் சிரிக்கிறான். அவ்வளவுதான். அடுத்தது என்ன என்று கேட்கிறார் இயக்குநர். அதை யோசித்துக்கொள்வோம் என்கிறார் எழுத்தாளர். அப்படிப் பிறந்ததுதான் 1964இல் மாஸ்கோவே பாடிக்கொண்டு திரிந்த ‘நான் மாஸ்கோவில் நடக்கிறேன்’ படம். மெட்டு அந்திரேய் பெத்ரோவ், பாட்டும் ஷ்பாலிகோவ்தான்.

பிறகு அவரே ஏன் இயக்கப் போனார் என்று கேட்பீர்கள். போனார், ஒரே ஒரு முறை. ‘நீண்ட இனிய வாழ்க்கை’, 1966. இத்தாலியின் பெர்காமோ விழாவில் முதல் பரிசு கிடைத்தது. சொந்த நாட்டில் சீந்துவாரில்லை. அதன்பின் அவர் எழுதியவற்றில் லாரிசா ஷெபித்கோ எடுத்த ‘நீயும் நானும்’ போல வெகு சிலவே படமாயின. 1974இல், 37 வயதில், தம் உயிரைத் தாமே மாய்த்துக்கொண்டார்.

நடுவர் அவர்களே, படம் எடுக்க விடாமல் தடுத்தால் இயக்குநரிடம் காட்டுவதற்கு எதுவும் இருக்காது. ஷ்பாலிகோவின் படமாகாத திரைக்கதைகளோ புத்தகமாக அச்சாகி, இன்றும் ரஷ்யாவில் வாசிக்கப்படுகின்றன. எதிரணி இதற்குப் பதில் சொல்லிவிட்டுத் தீர்ப்புக் கேட்கட்டும். நன்றி, வணக்கம்.