மாற்றிப் பிடித்த கைகள்

நேயர்களுக்கு வணக்கம்.

பக்கத்தில் குடை இருந்தால் கையில் எடுத்துக்கொள்ளுங்கள். மடக்கிய குடை போதும். கிரிக்கெட் மட்டையைப் பிடிப்பதுபோல அதை இரண்டு கைகளாலும் பிடியுங்கள். வலக்கைப் பழக்கம் உள்ளவர்களுக்கு இடக்கை மேலேயும் வலக்கை அதன் கீழேயும் தானாகப் போய் அமரும். கோல்ஃப் மட்டையையும் உலகெங்கும் அப்படித்தான் பிடிக்கிறார்கள். இப்போது கைகளை இடம் மாற்றுங்கள். வலக்கை மேலே, இடக்கை கீழே. நிற்கும் நிலையை மாற்றாமல் ஒரு முறை வீசிப் பாருங்கள். இரண்டு கைகளும் ஒன்றையொன்று தடுக்கும், உடம்பே மறுக்கும்.

இந்தப் பிடியோடு ஒருவர் நெதர்லாந்தின் டச்சு ஓப்பன் கோல்ஃப் பட்டத்தை மூன்று முறை வென்றார். 1959, 1960, 1964. தென்னாப்பிரிக்காவின் டர்பன் நகரத்தைச் சேர்ந்த அவர் பெயர் பாப்வா சியூகோலம். முழுப்பெயர் சியூசங்கர். சிவசங்கர் என்ற பெயரைக் காலனி ஆட்சியின் எழுத்தர்கள் தங்கள் காதில் விழுந்தபடி எழுதிவைத்ததன் விளைவு இது. முனுசாமி மூன்சாமி ஆனதும் இதே வகையில்தான்.

அந்தப் பதிவேடுகளில் நம்முடைய பங்கும் உண்டு. கரும்புத் தோட்டங்களுக்காக ஒப்பந்தக் கூலிகளை ஏற்றிக்கொண்டு, டர்பன் இருக்கும் நேட்டால் பகுதிக்குச் சென்ற முதல் கப்பல் 'ட்ரூரோ'. அது புறப்பட்டது சென்னையிலிருந்து. 1860 நவம்பர் 16 அன்று டர்பன் துறைமுகத்தை அடைந்தது. பிறகு சென்னையிலிருந்தும் கல்கத்தாவிலிருந்தும் அரை நூற்றாண்டு காலம் கப்பல்கள் போய்க்கொண்டே இருந்தன. அப்படிப் போனவர்களின் வழிவந்த ஏழைக் குடும்பம் ஒன்றில், டர்பனின் ரிவர்சைடு பகுதியில், 1920-களின் இறுதியில் பிறந்தவர் பாப்வா.

அந்தப் பகுதிக்கு அருகே பீச்வுட் என்ற கோல்ஃப் கிளப் இருந்தது. வெள்ளையர்களின் கிளப். அங்கே ஆட்டக்காரர்களின் மட்டைப் பைகளைச் சுமக்கும் வேலைக்குச் சிறு வயதிலேயே போனார். பள்ளிப் படிப்பு இல்லை. எழுதப் படிக்கத் தெரியாது. பயிற்சியாளர் என்று ஒருவரும் இல்லை. ஆடுகிறவர்களைப் பார்த்துப் பார்த்து, கிடைத்த குச்சியை மட்டையாக்கி, கடலோர மணலில் தானே அடித்துப் பழகிக்கொண்டார். கை மாறிப் பிடித்திருக்கிறாய் என்று சொல்ல ஆள் இல்லாததால் அந்தப் பிடி அவர் உடம்போடு ஒட்டிவிட்டது. பின்னாளில் கோல்ஃப் உலகமே அதைச் 'சியூகோலம் பிடி' என்று அழைத்தது.

வெள்ளையர் அல்லாதவர்களுக்கென்று தனியாக நடந்த போட்டிகளில் அவர் பெயர் பெற்றார். ஆனால் பணமும் புகழும் வேறு பக்கத்தில் இருந்தன. அந்தப் பக்கத்துக் கதவைத் திறக்க முனைந்தவர் கிரஹாம் உல்ஃப் என்ற வெள்ளையர். ஆயில் ஆஃப் ஓலே என்ற முகப்பூச்சை டர்பனில் உருவாக்கிய வேதியியலாளர் இவர்தான். பாப்வாவின் ஆட்டத்தைக் கண்ட அவர், 1959-இல் அவரை ஐரோப்பாவுக்கு அழைத்துச் சென்றார். போன முதல் பயணத்திலேயே டச்சு ஓப்பன் பட்டம். அடுத்த ஆண்டு மீண்டும் போய் அதைத் தக்கவைத்துக்கொண்டார்.

அதே 1959-இல் இன்னொரு தென்னாப்பிரிக்கர் ஸ்காட்லாந்தின் மியூர்ஃபீல்டில் பிரிட்டிஷ் ஓப்பனை வென்றார். கேரி பிளேயர். வயது 23. அவரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், திரும்ப வருவேன்.

ஐரோப்பாவில் பட்டம் வென்றவருக்குச் சொந்த ஊரில் ஆட அரசின் அனுமதிச் சீட்டு வேண்டும். அது கிடைத்தாலும் கிளப் கட்டிடத்துக்குள் கால் வைக்க முடியாது. உடை மாற்றுவதும் உணவு உண்பதும் வண்டிக்குள். 1950-இல் வந்த குழுப் பகுதிகள் சட்டம் எந்த நிலம் எந்த இனத்துக்கு என்று கோடு போட்டு வைத்திருந்தது. வேலைக்காரராக ஓர் இந்தியர் அந்தக் கட்டிடத்துக்குள் போகலாம், தட்டேந்தலாம், மேசை துடைக்கலாம். விருந்தாளியாகப் போகக்கூடாது. இதைச் சட்டமாக எழுதி, கையெழுத்திட்டு, காவலரை நிறுத்தி நடைமுறைப்படுத்தினார்கள் என்பதை எத்தனை முறை படித்தாலும் என் மனம் ஆறுவதில்லை.

1963. டர்பன் கன்ட்ரி கிளப்பில் நேட்டால் ஓப்பன் போட்டி. அனுமதி பெற்று ஆடிய பாப்வா வெள்ளை ஆட்டக்காரர்கள் அத்தனை பேரையும் முந்தி முதலிடம் பெற்றார். தென்னாப்பிரிக்காவில் ஒரு மாகாண ஓப்பன் பட்டத்தை வெள்ளையர் அல்லாத ஒருவர் வெல்வது அதுவே முதல் முறை. பரிசளிப்பு நேரத்தில் மழை. மற்றவர்கள் கட்டிடத்துக்குள் இருந்தார்கள். வென்றவர் வெளியே மழையில் நின்றபடி கோப்பையைப் பெற்றுக்கொண்டார்.

அந்தக் காட்சியின் புகைப்படம் உலகம் சுற்றியது. தென்னாப்பிரிக்காவை விளையாட்டு அரங்கிலிருந்து விலக்கவேண்டும் என்று வாதாடியவர்களுக்கு அதைவிடத் தெளிவான சாட்சி தேவைப்படவில்லை. 1964 டோக்கியோ ஒலிம்பிக்கிற்கு அந்நாட்டுக்கு அனுப்பிய அழைப்பு திரும்பப் பெறப்பட்ட காலம் அது.

அந்தப் படம் செய்த நன்மை பெரிது. ஆனாலும் எனக்கு அதில் ஒரு மனக்குறை உண்டு. பாப்வா என்றதும் எல்லோரும் அந்த மழையைச் சொல்கிறார்கள். மழைக்கு முன்னால் நடந்த ஆட்டத்தைச் சொல்வதில்லை. டர்பன் கன்ட்ரி கிளப் கடற்கரை மணல்மேடுகளின்மேல் அமைந்த மைதானம். சமதரையில் நின்று அடிக்கும் வாய்ப்பு குறைவு, கடற்காற்று வேறு. அங்கே நான்கு சுற்று, 72 குழி, நாட்டின் தேர்ந்த ஆட்டக்காரர்களுக்கு எதிராக, உட்கார ஓர் இடம்கூட இல்லாமல் ஆடி வெல்வது என்றால் அதற்குப் பின்னால் எத்தகைய நிதானம் இருந்திருக்கவேண்டும்! இரக்கத்துக்குரியவராக மட்டும் அவரை நினைத்தால் அந்த நிதானம் நம் கண்ணில் படாமல் போய்விடும்.

அதே 1963-இல் இங்கிலாந்தின் ராயல் லிதம் மைதானத்தில் நடந்த பிரிட்டிஷ் ஓப்பனில் பதின்மூன்றாம் இடத்தைப் பகிர்ந்துகொண்டார். கோல்ஃப் உலகின் மிகக் கடினமான போட்டிகளில் ஒன்று அது. அந்த ஆண்டு அதை வென்றவர் நியூசிலாந்தின் பாப் சார்ல்ஸ். பெரும்பட்டங்கள் எனப்படும் நான்கு முதன்மைக் கோல்ஃப் போட்டிகளில் ஒன்றை வென்ற முதல் இடக்கை ஆட்டக்காரர். கைகளைப் பற்றிய பழைய நம்பிக்கைகள் ஒரே வாரத்தில் இரண்டு விதமாக ஆட்டம் கண்டன என்று எண்ணும்போது எனக்கு மகிழ்ச்சியாக இருக்கிறது. இன்று அமெரிக்காவின் ஜோர்டன் ஸ்பீத் போன்றவர்கள் குழிக்கு அருகே பந்தைத் தள்ளும்போது இடக்கையைக் கீழே வைத்துத்தான் பிடிக்கிறார்கள். யாரும் அதைப் பிழை என்பதில்லை.

1965-இல் மீண்டும் நேட்டால் ஓப்பன். இம்முறை எதிரே கேரி பிளேயர். அதற்குள் பிரிட்டிஷ் ஓப்பன், மாஸ்டர்ஸ், பிஜிஏ ஆகிய மூன்று பெரும்பட்டங்களும் அவரிடம் இருந்தன. அந்த ஆண்டு ஜூனில் யு.எஸ். ஓப்பனையும் வென்று நான்கையும் நிறைவு செய்யப் போகிறவர். பாப்வா அவரை முந்திப் பட்டம் வென்றார். உலகத்தின் உச்சியில் இருந்தவரை, சொந்த நாட்டில், எல்லோரும் பார்க்க.

அரசு அதைப் பொறுத்துக்கொள்ளவில்லை. 1966-இல் உள்நாட்டுப் போட்டிகள் எல்லாவற்றிலிருந்தும் அவரை விலக்கியது. பாஸ்போர்ட்டையும் பறித்தது. உள்ளூரிலும் ஆட முடியாது, வெளியூர் போயும் ஆட முடியாது. தொழில்முறை கோல்ஃப் ஆட்டக்காரருக்கு மாதச் சம்பளம் கிடையாது. போட்டியில் வாங்கும் பரிசுப் பணம்தான் சோறு. பணத்தைவிட மோசமான இழப்பும் உண்டு. குழிக்கு நாலடி தூரத்தில் பந்து நிற்கும்போது விரல்களுக்கு வரவேண்டிய அமைதி, போட்டியில் நின்று நின்று வருவது. போட்டி நின்றால் அதுவும் கரைந்துவிடும். முப்பத்தைந்தைத் தாண்டிய வயதில், கை நன்றாகப் பழுத்திருந்த காலத்தில் அவரை நிறுத்தினார்கள்.

பாப்வா 1978 ஜூலையில் மாரடைப்பால் இறந்தார். ஐம்பது வயது நிறையவில்லை. செல்வம் எதுவும் சேர்ந்திருக்கவில்லை. டர்பனில் உம்கேனி ஆற்றை ஒட்டிய நகராட்சி கோல்ஃப் மைதானத்துக்குப் பிற்காலத்தில் அவர் பெயர் சூட்டப்பட்டது.

கேரி பிளேயரிடம் திரும்ப வருவேன் என்றேன். நேட்டாலில் பாப்வாவிடம் தோற்ற பிறகு அவர் இன்னும் ஆறு பெரும்பட்டங்கள் வென்றார். மொத்தம் ஒன்பது. கடைசியாக வென்றது அமெரிக்காவின் அகஸ்டாவில் நடந்த மாஸ்டர்ஸ் போட்டி. இறுதிச் சுற்றில் பந்தை 64 முறை மட்டுமே அடித்து ஆட்டத்தை முடித்தார். அப்போது அவருக்கு வயது 42. அது 1978 ஏப்ரல். பாப்வா இறப்பதற்கு மூன்று மாதங்களுக்கு முன்பு.

வணக்கம்.