அவரைக் கேட்டீர்களா?

நடுவர் அவர்களே, வணக்கம். பழைய காட்சித் துண்டுகளைப் புதிய படத்தில் சேர்ப்பது, அதில் இருப்பவர்களுக்குச் செய்யும் மரியாதையா, அநீதியா? இதுதான் தலைப்பு. அநீதிதான் என்று பேச வந்திருக்கிறேன்.

எதிரணித் தலைவர் மெக்கார்த்தி கதையைச் சொல்லிக் கைதட்டு வாங்கிவிட்டார். 2005-இல் வந்த 'குட் நைட், அண்ட் குட் லக்' படத்தில், கண்டவர்களையெல்லாம் கம்யூனிஸ்ட் என்று குற்றம்சாட்டிய அமெரிக்க செனட்டர் மெக்கார்த்தியாக யாரும் நடிக்கவில்லை. 1950களின் படச்சுருளில் இருந்த அவரையே காட்டினார்கள். வெளியீட்டுக்கு முன் பார்த்த சிலர், மெக்கார்த்தியாக வருபவர் ரொம்ப மிகையாக நடிக்கிறார் என்றார்களாம். நிஜம் நடிப்பை ஜெயித்துவிட்டது என்கிறார் தலைவர். எனக்கென்னவோ அவர் எங்கள் அணிக்குச் சாட்சி சொன்ன மாதிரிதான் பட்டது. நிஜ மனிதரைக் கதைக்குள் வைத்ததும் அவருடைய நடிப்புக்கு மார்க் போட ஆரம்பித்துவிட்டார்களே! (மெக்கார்த்திக்காக நான் அழவில்லை, பயப்படாதீர்கள்.)

அடுத்து அமெரிக்க அதிபராக இருந்த கிளின்டன். செவ்வாயிலிருந்து வந்த விண்கல்லில் உயிரின் தடயம் இருக்கலாம் என்ற செய்தி பற்றி 1996 ஆகஸ்டில் பேசினார். மறுவருடமே 'கான்டாக்ட்' படத்தில் அந்தப் பேச்சு, வேற்றுலகத்தார் அனுப்பிய சமிக்ஞையைப் பற்றியதாகிவிட்டது. வாயும் அவருடையது, வார்த்தையும் அவருடையது. விஷயம் மட்டும் வேறு. வெள்ளை மாளிகை ஆட்சேபித்தது. காட்சி இன்னமும் படத்தில் இருக்கிறது. பதவியில் இருந்த அதிபருக்கே இந்தக் கதி என்றால், செத்தவர் யாரிடம் போய் முறையிடுவார்? 1963-இல் கொல்லப்பட்ட கென்னடியின் உதடுகளை 1994-இல் 'ஃபாரஸ்ட் கம்ப்' படத்துக்காக அசைத்தார்கள். 1987-இல் இறந்த ஹாலிவுட் நடனக் கலைஞர் ஃபிரெட் அஸ்டேரை, பத்து வருடம் கழித்து ஒரு விளம்பரத்தில் வேக்வம் கிளீனரோடு ஆடவிட்டார்கள். மனைவி சம்மதித்தார் என்பார்கள். ஆடியது மனைவி இல்லையே!

சரி, பிரபலங்களை விடுங்கள். 1944 மே, நெதர்லாந்தின் வெஸ்டர்போர்க் முகாம். நாஜிகளின் கொலை முகாமான ஆஷ்விட்ஸுக்குக் கிளம்பும் ரயில் பெட்டியின் கதவிடுக்கில், தலையில் துணி கட்டிய ஒரு சிறுமி நிற்கிறாள். சில நொடிகள்தான். படம் எடுக்க வைத்தவர் முகாமின் நாஜித் தளபதி. கேமராவைப் பிடித்தவரோ அங்கேயே அடைபட்டிருந்த யூதக் கைதி. போருக்குப் பிறகு எத்தனையோ ஆவணப்படங்களில் அந்த முகம் வந்தது, பெயரில்லாத யூதச் சிறுமியாக. ஒரு டச்சுப் பத்திரிகையாளர் தேடித் திரிந்து 1994-இல் கண்டுபிடித்துச் சொன்னார்: அவள் செட்டெலா ஸ்டைன்பாக், யூதச் சிறுமியே இல்லை, ரோமா மக்களில் ஒரு பிரிவான சின்டி இனத்துக் குழந்தை, அப்போது 9 வயது. ஆஷ்விட்ஸில் கொல்லப்பட்டவள். 50 வருடம், நடுவர் அவர்களே! முகம் எல்லோருக்கும் வேண்டியிருந்தது. அவள் யார் என்று கேட்க ஒரு ஆள் வர அவ்வளவு காலம் ஆயிற்று.

அந்தத் துண்டு இல்லாவிட்டால் அவளை யாருக்குத் தெரியும் என்று எதிரணியில் கேட்பார்கள். நியாயமான கேள்விதான். எரித்துவிடுங்கள் என்று நான் சொல்லவில்லை. யார், எங்கே, எப்போது என்று தேடிப் போட்டுவிட்டுக் காட்டுங்கள் என்கிறேன்.

அப்புறம் இந்தத் தொலைக்காட்சிச் செய்திகள். உடல் பருமன் பற்றிய செய்தி என்றால், நடைபாதையில் போகிறவர்களைக் கழுத்துக்குக் கீழே காட்டுவார்கள். மூலையில் 'கோப்புக் காட்சி' என்று போட்டுவிட்டால் கடமை முடிந்தது. தன் சட்டையையும் தன் தொப்பையையும் அடையாளம் கண்டுகொண்டு, குடும்பத்தோடு உட்கார்ந்து அதைப் பார்க்கிற மனிதரிடம் யாராவது சம்மதக் கையெழுத்து வாங்கினார்களா? அடுத்துப் பேச வரும் எதிரணி நண்பர் அந்தத் தாளை மட்டும் காட்டட்டும். நான் எழுந்து அந்தப் பக்கம் போய் உட்கார்ந்துகொள்கிறேன். நன்றி, வணக்கம்.