குளிரைக் கணக்கிட்டு விதைக்கும் கீரை

வணக்கம் நேயர்களே, அஸ்ஸலாமு அலைக்கும்.

எங்கள் பக்கத்துக் குடும்பங்கள் பலவற்றில் பிள்ளைகள் சுவிஸிலும் ஜெர்மனியிலும் கனடாவிலும் இருக்கிறார்கள். வீட்டோடு ஒரு துண்டு மண் கிடைத்தால் அவர்கள் சும்மா விடுவதில்லை. அப்படித் தோட்டம் செய்கிறவர்கள் என்னிடம் அடிக்கடி கேட்கும் பயிர் ராடிக்கியோ என்ற கசப்புக் கீரை. ஊதா கலந்த சிவப்பு இலை, வெள்ளை நரம்பு, கையளவு கோவா போலச் சுருண்டு வரும். “கடையில் வாங்கினால் அவ்வளவு அழகு, நாங்கள் வைத்தால் தண்டு ஓடிப் பூத்து விடுகிறதே” என்று படம் அனுப்புகிறார்கள். இன்றைய பேச்சு அவர்களுக்காக. கேட்கும் பெற்றோர் தயவுசெய்து சொல்லிவிடுங்கள்.

எங்களுக்கு மழை விழுந்தால் விதைப்பு. அந்தப் பழக்கத்தில், பனி கரைந்ததும் ஏப்ரலில் எல்லா விதையையும் மண்ணில் போட்டு விடுகிறார்கள். தக்காளிக்கும் போஞ்சிக்கும் வரப்போகும் சூடு வேண்டும். ராடிக்கியோவுக்கு வரப்போகும் குளிர் வேண்டும். ஏப்ரல் குளிரில் முளைத்த நாற்று, குளிர்காலம் கழிந்துவிட்டது என்று எடுத்துக்கொள்கிறது. அதன் பிறகு ஜூன் மாதத்துப் பகல் பதினைந்து, பதினாறு மணித்தியாலம் நீளும்போது இலை சுருட்டுவதை விட்டுப் பூக்கப் போய்விடும். மட்டக்களப்பில் வருடத்தின் நீண்ட பகலுக்கும் குறுகிய பகலுக்கும் ஒரு மணித்தியாலம்கூட வித்தியாசம் இல்லை. அதனால் பகலின் நீளத்தைப் பார்த்து விதைக்கும் யோசனை எங்களுக்கு இலேசில் வராது.

ஆகவே பின்னாலிருந்து எண்ணுங்கள். உங்கள் ஊரில் முதல் உறைபனி எப்போது விழும் என்று பக்கத்துத் தோட்டக்காரரிடம் கேளுங்கள். அதற்கு ஏறக்குறைய மூன்று மாதம் முன்னால் விதை மண்ணுக்குப் போக வேண்டும். சுவிஸின் தாழ்நிலப் பகுதிகளுக்கு ஜூன் நடுப்பகுதியிலிருந்து ஜூலை நடுப்பகுதி வரை சரியான காலம். அந்த நேரம் மண் சுடும், விதை முளைக்கத் தயங்கும். இங்கே நாற்றுமேடைக்குக் கிடுகு போடுவோமே, அங்கே ஒரு வெள்ளைத் துணியைக் கட்டி, மாலையில் தண்ணீர் தெளியுங்கள். விதையை அரைச் சென்ரிமீற்றருக்குமேல் புதைக்க வேண்டாம். நாற்றுக்கு நாற்று 30 சென்ரிமீற்றர் இடைவெளி விடுங்கள். நெருங்கினால் கோவா போலத் தலை கட்டாது.

ஆணிவேர் ஆழமாக இறங்கும் பயிர் இது. மண்ணை நன்றாகக் கொத்தி, மக்கிய கூட்டெரு போட்டால் போதும். யூரியாவை அள்ளிக் கொட்டினால் இலைதான் விரியும். ஈரம் ஒரே சீராக இருக்கட்டும், ஒரு வாரம் காயவிட்டு மறுவாரம் வெள்ளமாக ஊற்றக் கூடாது. ஆகஸ்ட்டில் செடி பச்சையாகவே நிற்கும். அதைப் பார்த்துப் பலர் பிடுங்கி எறிகிறார்கள், எனக்கு மனம் பதறும். பொறுத்திருங்கள். இரவு குளிரக் குளிரத்தான் சிவப்பு ஏறும், கசப்பும் தணியும். வெளியே விரிந்த பச்சை இலைகளைப் பிய்க்க வேண்டாம், உள்ளே சுருளும் குருத்துக்குக் காவல் அவைதான். இலேசான உறைபனியை இந்தச் செடி தாங்கும்.

இத்தாலியின் வெனெத்தோ மாகாணம் இதற்குப் பேர்போனது. உருண்டையான கியோஜா, நீளமான திரெவிசோ, வெளிர் மஞ்சளில் சிவப்புப் புள்ளி தெறித்த காஸ்தெல்பிராங்கோ என்று இனங்களுக்கு ஊர்களின் பெயர். திரெவிசோவின் பின்பருவ இனத்தை அவர்கள் பக்குவப்படுத்தும் முறை எனக்கு மிகவும் பிடித்தது. உறைபனி விழுந்த பிறகு வேரோடு கிளப்பி, இருட்டறையில் ஓடும் ஊற்று நீரில் வேர் நனைய நிறுத்துவார்கள். வேரில் சேர்த்து வைத்த சத்தில் புதிய குருத்து வரும். வெளிச்சம் இல்லாததால் பச்சை பிடிக்காது, முறுகலாக, வெள்ளைத் தண்டும் சிவப்பு ஓரமுமாக இருக்கும். இரண்டு, மூன்று வாரத்தில் வெளி இலையெல்லாம் உரித்து அந்த நடுக் குருத்தை எடுப்பார்கள். நிலவறை உள்ள வீட்டில் ஒரு வாளியிலேயே இதைச் செய்யலாம். அறையில் 10 முதல் 15 பாகை இருக்கட்டும், தண்ணீரை அடிக்கடி மாற்றுங்கள். நவம்பரில் தோட்டம் ஓய்ந்துபோன வீட்டில் புதிய கீரை கிடைப்பது சின்ன விஷயமில்லை.

குறிஞ்சா இலை சாப்பிட்டு வளர்ந்தவர்களுக்குக் கசப்பு புதிதல்ல. மெல்லிசாக அரிந்து, குளிர்ந்த தண்ணீரில் அரை மணித்தியாலம் போட்டு வடித்து, தேங்காய்ப்பூ, வெங்காயம், பச்சை மிளகாய், தேசிப்புளி சேர்த்து வல்லாரைச் சம்பல் மாதிரிப் பிசைந்து பாருங்கள்.

இங்கே வளவில் வைக்கலாமா என்று கேட்பீர்கள். வேண்டாம். மார்கழியிலும் எங்கள் இரவு 20 பாகைக்குக் கீழே போவது அரிது, தலை கட்டாது. சுடும் கச்சான் காற்றுக் காலத்தைச் சொல்லவே வேண்டாம். செங்கலடியிலிருந்து பதுளைப் பாதையில் ஏறி அப்பால் நுவரெலியாப் பக்கம் உறவினர் இருந்தால் அவர்கள் முயலலாம். தை, மாசியில் அங்கே சில இடங்களில் உறைபனியும் விழும். ஐப்பசியில் நாற்றுப் போட்டு, கார்த்திகை மழைக்கு வேர் அழுகாதபடி பாத்தியை ஒரு சாண் உயர்த்தி நடச் சொல்லுங்கள்.