நம்பிக்கையில்லா தீர்மானமும் ஒரு தபால் கவரும்

(திருவொற்றியூர் கூட்டத்துல பேசினது)

அக்காமாரே, அண்ணன்மாரே, எல்லாருக்கும் வணக்கம். 2011-ல கார்ப்பரேஷன்ல சேர்க்குற வரைக்கும் நம்ம திருவொற்றியூர் தனி நகராட்சி, கத்திவாக்கமும் மணலியும் கூட அப்படித்தான், அதனால சேர்மனுக்கும் கவுன்சிலருங்களுக்கும் நடக்குற மல்லுக்கட்டு பெரியவங்களுக்கு நான் சொல்லித் தெரியவேண்டியதில்ல. கவுன்சிலருங்க நம்பிக்கையில்லா தீர்மானம் போட்டு சேர்மன எறக்கி, அது கோர்ட்டுக்கு வந்தா என்ன ஆகும்னு ஒரு வக்கீலா சொல்லத்தான் வந்தேன்.

என்கிட்ட வர்ற தலைவருங்க, அதுவும் லேடீஸ், உக்காந்ததும் சொல்றது ஒண்ணுதான், "மேடம் நான் ஒரு தப்பும் பண்ணல, ஜட்ஜ் கிட்ட சொல்லுங்க". கேக்கவே கஷ்டமா இருக்கும், ஏன்னா அங்க தப்பு பண்ணியா இல்லையான்றது கேள்வியே கிடையாது. குஜராத்ல நடியாத் நகராட்சி கேஸ்ல 1974-லயே சுப்ரீம் கோர்ட் சொல்லிடுச்சு, கண்டனத் தீர்மானம்னா காரணம் வேணும், நம்பிக்கையில்லா தீர்மானத்துக்கு காரணம் வேணாம். உன்மேல நம்பிக்கை இல்லன்னா இல்ல, அவ்ளோதான்.

அப்ப கோர்ட் என்னத்த பாக்கும்? நாளையும் எண்ணிக்கையையும் பாக்கும். சட்டத்துல மூணு முழு நாள் நோட்டீஸ்னு இருந்தா, கைக்கு வந்த நாளும் கூட்டம் நடக்குற நாளும் கணக்குல வராது, திங்கக்கிழமை வந்த நோட்டீஸுக்கு வியாழக்கிழமை கூட்டம்னா ரெண்டு நாள்தான். ஆனா இதையே நம்பியும் உக்காரக்கூடாது, பழைய மைசூர் ஸ்டேட்ல ஒரு நகராட்சி கேஸ்ல சில பேருக்கு நாள் குறைஞ்சுபோச்சு, அதனால யாருக்கும் பாதிப்பு இல்லன்னு சுப்ரீம் கோர்ட் தீர்மானத்த அப்படியே விட்டுடுச்சு. எண்ணிக்கைல அந்த தாராளம் கிடையாது. மொத்த உறுப்பினர்ல மூணுல ரெண்டு பங்குன்னு சட்டம் சொல்லுதுன்னு வைங்க, 24 சீட்டு, வேண்டியது 16 ஓட்டு. 18 பேர் வந்தாங்க, 14 பேர் எதிரா போட்டாங்க. வந்தவங்கள வச்சு பாத்தா 12 போதுமேன்னு யாராச்சும் பாஸ்னு அறிவிச்சா அது நிக்காது.

இப்ப எனக்கு ரொம்ப வலிக்கிற எடத்துக்கு வரேன். உத்தரப்பிரதேசத்துல ஒன்றிய, மாவட்ட பஞ்சாயத்து தலைவருங்கள ரெண்டு வருஷத்துக்கு அசைக்க முடியாது, எறக்கணும்னா மூணுல ரெண்டு பங்கு வேணும்னு இருந்துச்சு. 2007-ல அத ஒரு வருஷம், பாதிக்கு மேல இருந்தா போதும்னு மாத்திட்டாங்க. பானுமதி கேஸ்னு நாங்க சொல்வோம், 2010-ல சுப்ரீம் கோர்ட் அந்த திருத்தம் செல்லும்னுச்சு. ஓட்டு போட்டு உக்கார வச்சவங்க ஓட்டு போட்டு எறக்குறது ஜனநாயகம்தான், சட்டமா பாத்தா தீர்ப்பு சரி, நான் மறுக்கல. ஆனா மொத மொதல்ல ஆபீஸ் சேர்ல உக்கார்ற ஒரு பொம்பளைக்கு ஃபைல் படிக்க கத்துக்கவே ஒரு வருஷம் ஆகுதே, அந்த ரெண்டு வருஷம் அவங்களுக்கு எவ்ளோ பெரிய பாதுகாப்பா இருந்துச்சு!

இதுவே அதிகாரி தூக்கினா கதை வேற, கோர்ட் காரணத்த கிழிச்சுப் பாக்கும். மகாராஷ்டிரால ஜல்கான் மாவட்டத்துல ஒரு பெண் சர்பஞ்ச், அதாவது ஊராட்சித் தலைவி, மாமியார்கூட சேர்ந்து அரசு நெலத்துல குடியிருக்காங்கன்னு புகார் போட்டு பதவிய பறிச்சாங்க, அவங்க நான் தனியா வாடகை வீட்ல இருக்கேன்னு சொல்லியும் ஹைகோர்ட் வரைக்கும் தோல்வி, கடைசில 2024-ல சுப்ரீம் கோர்ட்தான் திரும்ப உக்கார வச்சுது. ஒரு பொம்பள தலைவியா இருக்குறத ஊர் ஏத்துக்கலன்றதையும் ஜட்ஜுங்க எழுதினாங்க.

அதனால எந்தங்கச்சிங்களே, பதவில இருக்குறவங்க யாரா இருந்தாலும் நோட்டீஸ் வந்தா அழுதுட்டு உக்காராதீங்க, அந்த கவர கிழிச்சு குப்பைல போடாதீங்க, அதுல இருக்குற தபால் முத்திரை தேதிதான் சாட்சி. கையெழுத்து போட்டு வாங்கினா பக்கத்துலயே தேதியும் எழுதுங்க. எடுத்துக்கிட்டு அன்னிக்கே ஹைகோர்ட் இருக்குற பாரிமுனைக்கு பஸ் ஏறுங்க, கூட்டத்துக்கு முந்துன நாள் சாயங்காலம் வந்து நின்னா நான் என்ன செய்ய முடியும்?